மோரா, போடாவா

கதவைத் தட்டாதீங்க மேடம். தட்டினால் குரங்குகள்தான் வரும். வந்து கம்பிக்கு அந்தப் பக்கம் வரிசையாக உட்கார்ந்துகொண்டு, கூண்டுக்குள் ரெண்டு புது உருப்படி வந்திருக்கிறது என்று நம்மை வேடிக்கை பார்க்கும். முதலில் அந்த பிஸ்கட் பொட்டலத்தைப் பைக்குள் போடுங்க.

போன் எடுக்காது மேடம். இந்த நெற்களஞ்சியத்துச் சுவர் நாலு முழக் கனம். டவர் வரக் கூடாது என்று ராஜா அப்போதே யோசித்துக் கட்டியிருக்கிறார். கத்தினாலும் அடிவாரத்துக்குக் கேட்காது, எண்ணூறு படி. பூங்காவனம் அண்ணன், அதான் வாட்ச்மேன், பூட்டிவிட்டுச் சாப்பிட இறங்கிப் போய்விட்டார். ரெண்டு மணிக்கு முன்னாடியே வந்துவிடுவார். ஒரு மணி நேரம் கூட இல்லை.

பயப்படாதீங்க. நானும் உள்ளேதானே இருக்கிறேன். என்னைத் தெரியுதா? முந்தாநாள் விசாரணையில் உங்கள் மேசைக்கு எதிரே நின்றேனே, ரெட்டைச் சடை, பள்ளிக்கூட யூனிஃபார்ம். சங்கவி. பன்னிரண்டாம் வகுப்பு. கீழே கோட்டை வாசலில் மோர் விற்கிற அஞ்சலாட்சியின் மகள். நீங்கள் தலையை நிமிர்த்தவே இல்லை, அதனால் ஞாபகம் இருக்காது. எழுதிக்கொண்டே இருந்தீங்க.

உட்காருங்க. இந்தக் கல் சுத்தமாக இருக்கும். வௌவால் சமாச்சாரமெல்லாம் அந்த மூலையோடு சரி. மோர் குடிக்கிறீங்களா? பாட்டிலில் கொண்டுவந்தேன். லஞ்சம் இல்லை மேடம், ஏறி வந்த தாகத்துக்கு. வேண்டாமா? சரி, உத்தரவு எழுதுகிறவர்கள் குடிக்கக் கூடாதோ என்னவோ.

நாளைக்குத்தானே எழுதப் போறீங்க? ஏணிமலைக் கோட்டை வாசலில் பதினோரு கடை இருக்கலாமா, காலி பண்ணணுமா என்று. பதினோரு கடையில் எங்கள் அம்மா கடை ஒன்று. கடை என்ன கடை, ஒரு பானை, ஒரு சொம்பு, வெள்ளரிப்பிஞ்சு ஒரு கூடை. அதைத் தூக்கிக்கொண்டு போ என்றால் எங்கே போகிறது? அது சம்பந்தமாக ஒரு விஷயம் சொல்ல வேண்டும். சொல்கிறதற்கு இதைவிட நல்ல இடம் கிடைக்காது. நீங்களும் எழுந்து போக முடியாது.

படத்திலிருந்து ஆரம்பிக்கிறேன்.

எங்கள் பள்ளிக்கூடத்தில் பாரம்பரிய வாரம் என்று ஒன்று நடந்தது. தமயந்தி டீச்சர், சரித்திரம், எங்கேயோ வெளிநாட்டுப் படக் காப்பகத்திலிருந்து ஒரு பழைய படத்தை வரவழைத்திருந்தார். நூற்றுப் பத்து வருஷத்துக்கு முந்தி எவனோ ஒரு வெள்ளைக்காரன் உலகத்தைச் சுற்றிவந்து எடுத்தது. சத்தமே கிடையாது. நாலு நிமிஷம். பிரமிடு, ரோமாபுரியில் ஒரு வட்டக் கட்டடம், தாஜ்மகால், கடைசியில் நாற்பத்தெட்டு விநாடி எங்கள் கோட்டை. எகிப்தும் ரோமும் எங்கள் ஊரும் ஒரே சுருளில்! டீச்சருக்குக் கண்ணில் தண்ணீர்.

ஆனால் படம் பார்க்கிற பிள்ளைகளுக்குக் கொட்டாவி. அதில் எல்லோரும் கடைசி பஸ்ஸைப் பிடிக்கப் போகிற மாதிரி விறுவிறு என்று நடக்கிறார்கள், வாயை அசைக்கிறார்கள், ஒன்றும் கேட்கவில்லை. டீச்சர் மூக்கால் சொன்னார். "ஙே சங்ஙவி, நீதாங் ஙல்லா பேசுவியே, கொஞ்சம் விளக்கம் குடும்மா." அப்படியேதான் மேடம், சளி பிடிக்காமலேயே அப்படித்தான் பேசுவார்.

மைக்கைக் கையில் கொடுத்தால் நான் என்ன செய்வேன்? பிரமிடு ஒட்டகத்துக்கு எங்கள் பி.டி. மாஸ்டர் குரல். "ஏய், ஒருத்தன் ஒருத்தனா ஏறு! முதுகா, முனிசிபாலிட்டி பெஞ்சா?" ரோமில் ஒருத்தன் குடை பிடித்துக்கொண்டு வருகிறான், அவனுக்குத் தலைமையாசிரியர். "ப்ரேயர் முடிஞ்சு எவ்ளோ நேரம் ஆச்சு? பேரண்ட்ஸக் கூட்டிட்டு வா." தாஜ்மகாலில் புல் வெட்டுகிற ஆளுக்குப் பூங்காவனம் அண்ணன். "யாரும்மா அது ஜோடியா? எந்திரி, எந்திரி, இது தொல்லியல் எடம்." ஹால் இடிந்து விழுந்தது.

அப்புறம் எங்கள் கோட்டை வந்தது. யானை வாசல், இப்போது எங்கள் கடைகள் இருக்கிற அதே வாசல். ரெண்டு சின்னப் பிள்ளைகள் ஓடுகிறார்கள். தலையில் பானையோடு ஒரு அம்மாள் வருகிறாள். வந்து, பானையை இறக்கி வைத்து, நிமிர்ந்து, நேராகக் கேமராவைப் பார்க்கிறாள். உதட்டை மூடி, குவித்து, ஏதோ ஒன்று சொல்கிறாள். அவ்வளவுதான், முந்தானையை வாயில் பொத்திக்கொள்கிறாள். படம் முடிந்தது.

நான் எங்கள் அம்மா குரலில் "போடா! போடா அங்கிட்டு!" என்றேன்.

மேடம், நீங்கள் அதைக் கேட்டிருக்க வேண்டும். இல்லை, கேட்டீங்க, முந்தாநாள். ஆனால் அங்கே போனில் கேட்டது ஒன்றுமே இல்லை. ஹாலில் கேட்டிருக்க வேண்டும். வெள்ளைக்காரன் ஊர் ஊராகப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய்ப் படம் பிடிக்கிறான், எகிப்துக்காரன் சும்மா இருந்தான், ரோம்காரன் சும்மா இருந்தான், எங்கள் ஊர்க்காரி ஒருத்திதான் போடா என்றாள்! விசில் பறந்தது. எவனோ போனில் பிடித்து ஊர் முழுக்க அனுப்பிவிட்டான். மறுநாள் டூரிஸ்ட் பஸ்ஸிலிருந்து இறங்குகிற பையன்கள் அம்மாவிடம் வந்து, "போடாக்கா, ஒரு மோரு" என்கிறார்கள்.

அம்மாவுக்குக் கோபம். "பெத்தவ கொரலை எடுத்து ஊரே சிரிக்க வெச்சியே. எவளோ நூறு வருஷத்துக்கு முந்தி செத்தவ, அவ வாயில நீ ஏண்டி வார்த்தைய வெக்கிற?" என்றாள். இதற்கெல்லாம் ஒரு கோபமா? சிரித்தால் சிரித்துவிட்டுப் போகிறார்கள்.

அடுத்த மாதம் தொல்லியல் ஆபீஸிலிருந்து நோட்டீஸ் வந்தது.

கோட்டைக்குச் சம்பந்தமில்லாதவர்கள் வாசலில் கடை போடக் கூடாது, பதினைந்து நாளில் காலி. நெடுநாள் வழக்கம் இருப்பதாகச் சொல்கிறவர்கள் சான்றோடு விசாரணைக்கு வரலாம். இந்தக் கடைசி வரியைக் கண்டுபிடித்தவர் கோதண்டம் மாமா. கரும்புச்சாறு மெஷின் வைத்திருக்கிறாரே, அவர்தான் எங்கள் சங்கத் தலைவர். எதைச் சொன்னாலும் "அதாகப்பட்டது" இல்லாமல் வாயைத் திறக்க மாட்டார். "அதாகப்பட்டது அஞ்சலாட்சி, வழக்கம்னு ஒரு வார்த்தைய அவங்களே போட்டிருக்காங்க. அத நாம கெட்டியாப் புடிச்சுக்கணும்." என்னைத் திரும்பிப் பார்த்தார். "பாப்பா, அந்தப் படத்தப் போடு."

போட்டேன். பார்த்தார். மறுபடி போடச் சொன்னார். தொடையில் ஒரு அடி அடித்தார். "அதாகப்பட்டது, இது போடா இல்ல பாப்பா. மோரு! அவ மோரு விக்கிறா!"

நான் சிரித்தேன். வீட்டுக்குப் போய் எவர்சில்வர் தட்டை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு சத்தம் வராமல் சொல்லிப் பார்த்தேன். போ. மோ. போ. மோ. நீங்களும் சொல்லிப் பாருங்க மேடம், சத்தமில்லாமல். பார்த்தீங்களா? உதட்டில் ஒரு நூல் வித்தியாசம் கிடையாது! அப்பாவும் அம்மாவும் ஒன்று, பாட்டியும் மாட்டியும் ஒன்று. முந்தானை பொத்தாமல் இருந்திருந்தால் அடுத்த எழுத்து தெரிந்திருக்கும். பொத்திவிட்டாளே. போடாவாக இருக்கலாம், மோராக இருக்கலாம், போட்டோவாகக்கூட இருக்கலாம். விசாரணையில் கடைசியாக நீங்கள் சொன்னீங்களே "போதும்" என்று, அதுவாகவும் இருக்கலாம்.

ஆனால் கோதண்டம் மாமாவுக்கு இருக்கலாம் எல்லாம் ஆகாது. "நீ பேசினா ஊரே நம்புது பாப்பா. உதட்டப் பாத்தே படிக்கிற வித்தை தெரியும்னு சொல்லு. மோருன்னு சொல்லு. அம்மா கடை நிக்கும்." பதினோரு பேரும் என்னையே பார்க்கிறார்கள். பொம்மைக்கடை சபீனா அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். அம்மா மட்டும், "அதுக்கு எதுக்குப் பொய்யி?" என்றாள். அவளுக்கு ஆபீஸ் விவகாரம் என்ன தெரியும்? "எங்களுக்கு வாய் நீதாண்டி, பாத்துப் பேசு" என்று அவள்தான் அனுப்பிவைத்தாள். நான் அவளுக்காகத்தான் போனேன்.

சரி, என்ன நடந்தது என்று உங்களுக்கே தெரியும். உதட்டு வாசிப்பு எனக்கு ஆறாம் வகுப்பிலிருந்தே வரும், காது கேளாத தோழி சொல்லிக்கொடுத்தாள் என்று நான் ஆரம்பித்தேன். அப்படி ஒரு தோழி கிடையாது. அந்த அம்மாள் சொன்னது மோரு, மோரோய் என்று இழுத்துக் காட்டினேன். எவ்வளவு அழகாக இழுத்தேன்! சபீனா அக்கா அழுதேவிட்டார். உடனே ஆபீஸ் தரப்பில் அந்தக் கண்ணாடிக்காரர் எழுந்து, ஒன்றுமே பேசாமல், போனை மைக் பக்கத்தில் வைத்தார். "போடா! போடா அங்கிட்டு!" ஹால் சிரிப்பு, விசில், எல்லாம்.

"இதுவும் உங்கள் குரல்தானே, செல்வி சங்கவி?" மேடம், அவர் குரலைக் கவனித்தீங்களா? எச்சில் விழுங்கிவிட்டுத்தான் பேர் சொல்வார். ம்க், செல்வி சங்கவி. ம்க், எது உண்மை?

நான் தெரியாது என்றேன்.

அது ஒன்றுதான் மேடம் நான் அங்கே சொன்ன உண்மை. எந்தக் குரலும் இல்லாமல், வெறுமனே, என் குரலில் சொன்னேன். அதை ஒருத்தரும் நம்பவில்லை! கோதண்டம் மாமா, அதாகப்பட்டது பாப்பா விலை போயிட்டுது என்று வெளியே சொன்னாராம். கண்ணாடிக்காரர், பொய்ச் சாட்சி கொண்டுவந்தவர்களுக்கு வழக்கம் என்ன வழக்கம் என்றார். நீங்கள் "போதும்" என்று பேனாவை மூடினீங்க. ஒரு வார்த்தை சேர்த்துச் சொல்ல விடவில்லை.

அன்றிலிருந்து அம்மா என்னோடு பேசவில்லை. ஏச்சுக்கூட இல்லை. தட்டை வைக்கிறாள், கையைக் காட்டுகிறாள். வீட்டிலேயே ஊமைப் படம் ஓடுகிறது. எனக்கு அவளை மாதிரி பேசவும் முடியவில்லை மேடம். ரெண்டு நாள் காதில் விழாவிட்டால் பிடி விட்டுப்போகிறது.

அதனால்தான்... ஒன்று சொல்கிறேன், கோபித்துக்கொள்ளக் கூடாது. பூங்காவனம் அண்ணன் உங்களைப் பார்க்காமல் பூட்டிவிட்டுப் போகவில்லை. அவர் ரொம்பப் பொறுப்பானவர். சாவியைக் கையில் வைத்துக்கொண்டு, இருமிவிட்டு, "உள்ள யாராச்சும் இருக்கீங்களா?" என்று ஒழுங்காகக் கேட்டார். நீங்கள் அந்தக் கோடியில் சுவரைப் படம் எடுத்துக்கொண்டிருந்தீங்க. நான் தூணுக்குப் பின்னாலிருந்து, கூட்டிப் பெருக்குகிற தனகோடி அக்கா குரலில், "யாரும் இல்லண்ணே, நான் பின்பக்கமா வந்துடறேன், நீ பூட்டிக்கோ" என்றேன்.

எழுந்திருக்காதீங்க மேடம். எங்கே போவீங்க?

தப்புதான். தப்பு என்று தெரியும். பொய் வேறு, இது வேறு என்று நினைத்தேன். உங்களைக் கீழே பிடிக்க முடியாது. சுற்றி நாலு பேர், ஜீப். இங்கே மட்டும்தான் நீங்களும் என்னை மாதிரி. போலீஸில் சொல்வதென்றால் சொல்லிக்கொள்ளுங்க. அதற்கு முன்னால் இதை மட்டும் பாருங்க. படம் என் போனில் ஏற்றி வைத்திருக்கிறேன், இதற்கு டவர் வேண்டாம்.

வாயைப் பார்க்காதீங்க. எல்லோரும் வாயைப் பார்த்தோம். நான் முந்நூறு தடவை பார்த்திருப்பேன், முந்நூறு தடவையும் வாய். வாய் தெரிவது ஒன்றரை விநாடி. அதற்கு முன்னால் அவள் பானையை இறக்குகிறாளே, அது ஆறு விநாடி. அதை ஒருத்தரும் பார்க்கவில்லை.

இன்றைக்குக் காலையில் நான் வாசலில் உட்கார்ந்து மறுபடி இதை ஓடவிட்டுக்கொண்டிருந்தேன். அம்மா அப்போதுதான் பானையோடு வந்தாள். குனிந்து பார்த்தாள். என் போனைப் பிடுங்கினாள். அந்த அம்மாளின் கையின் மேல் விரலை வைத்தாள். அப்புறம் போனை என் மடியில் போட்டுவிட்டு, தலையிலிருந்த பானையை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, அடியிலிருந்த சும்மாட்டை மறு கையால் உருவி, தரையில் வளையமாகப் போட்டாள். அதன்மேல் பானையை வைத்து, உட்காருகிறதா என்று இப்படி ஒரு திருகு திருகினாள். மறுபடி தூக்கினாள், மறுபடி இறக்கினாள். மக்குப் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுக்கிற மாதிரி மூன்று தடவை. கடைசியில் என் மண்டையில் ஒரு குட்டு.

இப்போது படத்தைப் பாருங்க. இதோ, இதோ. நிறுத்துகிறேன். கையில் என்ன? சும்மாடு. துணியைச் சுருட்டித் தலைக்கு வைப்பது. அதை எங்கே போடுகிறாள்? கீழே. பானை அதன்மேல். இதோ திருகுகிறாள் பாருங்க, அச்சு எங்கள் அம்மா!

தண்ணீர் கொண்டு போகிறவள் இப்படி வைக்க மாட்டாள் மேடம். அவள் நடுவழியில் தலைப்பானையை இறக்கவே மாட்டாள், இறக்கினால் மறுபடி தலைக்கு ஏற்றிவிட இன்னொரு ஆள் வேண்டும். அப்படியே இறக்கினாலும் மேட்டில் முட்டுக் கொடுத்து வைப்பாள், சும்மாடு தோளிலேயே கிடக்கும். தலைத்துணியைத் தரைக்குக் கொடுக்கிறவள் நாள் முழுக்க அங்கேயே உட்காரப் போகிறவள். விற்க வந்தவள். அவள் வைத்த இடத்தையும் பாருங்க, யானை வாசலுக்கு இடப்பக்கம், ரெண்டாகப் பிளந்த படிக்கல். எங்கள் அம்மா உட்காருகிற அதே கல்.

பானைக்குள் மோரா, பதநீரா, பானகமா, எனக்குத் தெரியாது. அவள் என்ன சொன்னாள் என்றும் தெரியாது. தெரியாது, தெரியாது. ஆனால் உட்கார வந்தாள். அதை நான் இட்டுக்கட்டவில்லை.

என்ன மேடம்? மறுபடியா? இந்தாங்க. நீங்களே பிடித்துக்கொள்ளுங்க. இங்கே தொட்டால் நிற்கும்.

...

இதை ஏன் விசாரணையில் சொல்லவில்லை என்றால், எனக்கு அப்போது தெரியாதே! தினமும் காலையில் அவள் இறக்குவதைப் பார்த்துக்கொண்டுதான் பள்ளிக்கூடம் போகிறேன். பார்க்கிறேனா என்றால்... அவள் அப்போது என்ன சொல்வாள் என்று கேளுங்க, சொல்கிறேன். "அப்பாடி, முருகா, இன்னிக்கு வெயிலு தோல உரிக்கும்டி." குரல் எல்லாம் தெரியும்.

அம்மாவா? அம்மா எதற்கு மேடம்? அம்மாவுக்கு ஆபீஸ் என்றாலே நாக்கு ஒட்டிக்கொள்ளும். நான்தான் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேனே. வேண்டுமானால் எழுதிக்கொள்ளுங்க, அவள் சொல்கிற மாதிரியே சொல்கிறேன், அவள் குரலிலேயே. "அம்மா, எம்பேரு அஞ்சலாட்சி, எனக்குத் தெரிஞ்சத சொல்றேன், கோட்ட வாசல்ல..."

ஏன் மேடம், சரியாக இல்லையா? அந்த "சொல்றேன்" கொஞ்சம் வேறு மாதிரி வந்துவிட்டது. ரெண்டு நாளாகக் கேட்கவில்லை இல்லையா. மறுபடி சொல்கிறேன்.

வேண்டாமா.

அவளேதான் வேண்டுமா? சரி, கூட நான் நிற்கிறேன். நீங்கள் கேட்பதை அவளுக்குப் புரிகிற மாதிரி...

நான் கூட இருக்கக் கூடாதா?

மேடம், அவள் எனக்குப் பதில் பேசுவதே இல்லை, உங்களிடம் எப்படிப் பேசுவாள்? வாயே திறக்க மாட்டேன் மேடம். ஓரமாக நிற்கிறேன். சத்தியமாக... சிரிக்காதீங்க. சரி. நம்ப மாட்டீங்க. அந்த இடத்தில் ஒருத்தர் தப்பாகச் சொன்னால் என்னால் சும்மா இருக்க முடியாது, அதுவும் உண்மைதான். நான் நின்றால் கண்ணாடிக்காரர் அதையும் என் வித்தை என்பார். ம்க், செல்வி சங்கவி.

நான் வந்தால் கெடும். அப்படித்தானே? சொல்லுங்க, பரவாயில்லை.

கேட்கிறதா? இருமல். பூங்காவனம் அண்ணன் மேலே வந்துவிட்டார், இன்றைக்குச் சீக்கிரம். சாப்பாட்டில் காரம் போலிருக்கிறது. நீங்களே கூப்பிடுங்க, நான் கூப்பிட்டால் யார் என்று குழம்புவார். திறந்ததும் நீங்கள் மட்டும் போங்க. என்னை உள்ளே வைத்து மறுபடி பூட்டிவிட்டுப் போகச் சொல்லுங்க. நிஜமாகத்தான் மேடம். திறந்திருந்தால் உங்கள் பின்னாலேயே ஓடிவந்துவிடுவேன், என்னை எனக்குத் தெரியும். சாயங்காலம் வந்து திறக்கட்டும். குரங்குகள் பழக்கம்தான்.

அம்மாவிடம் ஒன்றும் கேட்காதீங்க. பேரைக்கூடக் கேட்காதீங்க, கேட்டால் எழுந்து நின்றுவிடுவாள். ஒரு மோர் வாங்கிக்கொண்டு பக்கத்தில் நில்லுங்க, போதும். ரெண்டரை மணிக்கு வாசல் நிழல் அந்தக் கல்லைவிட்டு நகரும். அப்போது பானையைத் தூக்கித் தள்ளி வைப்பாள். சும்மாட்டைப் போடுவாள், பானையை உட்கார வைப்பாள், திருகுவாள். அதற்கப்புறம் நாளைக் காலைதான்.

எண்ணூறு படி மேடம். செருப்பைக் கையில் எடுத்துக்கொள்ளுங்க.